தங்கச்சியின் கலியாணச் சமையற்காரருக்கு எவ்வளவு கொடுப்பது

கொக்குவில்,
யாழ்ப்பாணம்.

அன்புள்ள தம்பிக்கு,

இங்கே நாங்கள் எல்லோரும் சுகம். நீயும் மருமகளும் பேரப்பிள்ளையும் சுகமாயிருக்க நல்லூரானை வேண்டுகிறேன். கலியாண அலுவல்கள் ஒவ்வொன்றாய் ஒப்பேறிக்கொண்டு வருகின்றன. தாலிக்குப் பொன்னுருக்க நாள் பார்த்தாயிற்று. கூறை எடுத்தாயிற்று. பலகாரச் சூட்டுக்குப் பெரியம்மாவும் மாமியும் வருவதாய்ச் சொல்லிவிட்டார்கள். மற்ற விசயங்களை அப்பா போனில் சொல்லுவார். நான் இதை எழுதுவது நீ நேற்று இரவு வட்ஸ்அப்பில் கேட்ட ஒரு கேள்விக்காக.

"அம்மா, சாப்பாட்டுப் பில் 480,000 வருகுது. வேலை செய்கிற ஆக்களுக்கு இருபது வீதம் ரிப்ஸ் (tips) என்று பார்த்தால் 96,000. எல்லாத்தையும் சேர்த்துச் சமையல் முதலாளியின்ர பாங்க் கணக்குக்கே போட்டுவிடட்டோ?" என்று கேட்டிருந்தாய். அங்கே கனடாவில் உனக்கு அது நானூற்றைம்பது டொலர் அளவில்தான் வரும் என்று தெரியும். மனம் வந்து கேட்கிறாய், அதுவும் தெரியும்.

கொடுக்கத்தான் வேண்டும் தம்பி. அதில் எனக்கு இரண்டாம் பேச்சில்லை. ஆனால் வீதக் கணக்கு வேண்டாம், முதலாளியின் கணக்குக்குப் போடவும் வேண்டாம். வேலை செய்த ஆட்களை எண்ணி, ஆள் ஆளாய், அவரவர் கையிலேயே கொடுக்கவேண்டும். ஏன் என்று விளக்கமாய்ச் சொல்லுகிறேன், ஆறுதலாய் இருந்து வாசி.

அங்கே சாப்பாட்டுக் கடையில் கார்ட் போடுகிற மெசினே பதினைந்தா, பதினெட்டா, இருபதா என்று கேட்கும் என்று நீ சொல்லியிருக்கிறாய். ஒன்ராறியோவில் 2016 ஆனியிலிருந்து, தொழிலாளிக்கு வருகிற ரிப்ஸை முதலாளி தன் பைக்குள் போடக்கூடாது என்று சட்டமும் இருக்கிறது. அதனால் பில்லோடு சேர்த்துக் கொடுத்தாலும் போகவேண்டிய இடத்துக்குப் போகும் என்று நம்பிக் கொடுக்கலாம். இங்கே கலியாணச் சாப்பாட்டுக்கு அப்படி ஒரு வழக்கமில்லை. பெரிய ஹோட்டலில் வைத்தால் பத்து வீதம் சேர்விஸ் சார்ஜ் என்று பில்லிலேயே போடுவார்கள். வற் வரி கட்டுகிற இடமென்றால் அதுவும் வரும், 2024 தை மாதத்திலிருந்து அது 18 வீதம். நாங்கள் எடுத்திருப்பது மண்டபம் தனி, சமையல் தனி. அவர்கள் தந்த பில்லில் தலைக்கு இவ்வளவு என்ற கணக்கு ஒன்றுதான் இருக்கிறது. சேர்விஸ் சார்ஜ் என்று ஒரு வரியும் இல்லை, அப்பாவைக் கொண்டு வடிவாய் வாசிப்பித்துப் பார்த்தேன். ஆகவே வேலை செய்கிற ஆட்களுக்குக் கூலிக்கு மேலாய் நாங்கள் மனம் வந்து கொடுக்கிற காசுதான் இங்கே சந்தோசம் என்பது. முதலாளியின் கணக்குக்குப் போட்டால் அவர் நல்ல மனிதர் என்றாலும், அந்த மாதக் காஸ் கடனுக்கும் அரிசிக் கடனுக்கும் நடுவில் அது கரைந்துபோகும். பாத்திரம் கழுவினவளுக்குக் கனடாவில் இருந்து காசு வந்த செய்தியே போய்ச் சேராது.

வீதக் கணக்கு ஏன் சரிவராது என்றும் சொல்லவேண்டும். தேங்காய் ஒன்று 200 ரூபாவைத் தொட்ட காலத்தையும் கண்டோம். தேங்காய் விலை ஏறினால் பில் ஏறும், பாயாசத்துக்குக் கஜு கூடப் போட்டால் பில் ஏறும். உன்னுடைய இருபது வீதமும் கூடவே ஏறும். ஆனால் திருவலையில் குந்தியிருந்து தேங்காய் திருவுகிற கை விலை ஏறினாலும் அதே தேங்காயைத்தான் திருவுகிறது. பில் அரிசிக்கும் மரக்கறிக்கும் போட்ட கணக்கு. சந்தோசம் ஆளுக்குக் கொடுப்பது.

யார் யார் வருகிறார்கள் என்று நான் அந்த முதலாளியிடம் கேட்டு எழுதி வைத்திருக்கிறேன். தலைமைச் சமையற்காரர் ஒருவர். அவரோடு அடுப்பில் நிற்கிறவர்கள் மூன்று பேர். முதல் நாள் பின்னேரம் மரக்கறி வெட்ட வருகிற பெண்கள் நாலு பேர். பந்தியில் பரிமாறுகிற பெடியள் பன்னிரண்டு பேர். பாத்திரம் கழுவ மூன்று பேர். சாமான் ஏற்றி இறக்குகிற வாகனக்காரர் ஒருவர். எல்லாமாய் இருபத்துநாலு பேர். இந்த இருபத்துநாலு பேரில் கலியாண வீட்டுக்காரர் கண்ணில் படுவது அந்தப் பன்னிரண்டு பெடியளும், பட்டால் தலைமைச் சமையற்காரரும். மற்ற ஆட்கள் எங்கே நின்றார்கள், எப்போது வந்தார்கள், எப்போது போனார்கள் என்றே தெரியாது.

அந்த நாலு பெண்களைப் பற்றி முதலில் சொல்லுகிறேன், ஏனென்றால் அவர்களைத்தான் எல்லாக் கலியாண வீட்டிலும் விட்டுவிடுகிறார்கள். பின்னேரம் நாலு ஐந்து மணிக்கு வருவார்கள். சாக்கை விரித்து இருந்தால் எழும்புவதற்கு இரவு பத்து, பதினொன்று ஆகும். நானூறு பேருக்குரிய கத்தரிக்காய், பயற்றங்காய், வாழைக்காய், பூசணிக்காய் எல்லாம் அவர்கள் கையால்தான் போகவேண்டும். வாழைக்காய் சீவின விரல் கயர் பிடித்துக் கறுத்துவிடும், எண்ணெய் பூசிக்கொண்டு சீவினாலும் முழுக்கப் போகாது. வெங்காயம் உரிக்கிறவள் சேலைத் தலைப்பால் கண்ணைத் துடைத்துத் துடைத்து உரிப்பாள். எல்லாம் முடிய, யாராவது ஓட்டோவில் கொண்டுபோய் வீட்டில் விடுவார்கள். அடுத்த நாள் முகூர்த்தம் நடக்கும்போது அவர்கள் தங்கள் வீட்டில் இருப்பார்கள். கலியாணம் முடிந்தபிறகு கையில் காசை வைத்துக்கொண்டு, "யார் யார் வேலை செய்தது, வாருங்கோ" என்று கூப்பிட்டால் அவர்கள் எப்படி வருவது? ஆகவே அவர்களுக்குரியதை முதல் நாள் இரவே, அவர்கள் ஓட்டோவில் ஏற முன்னம் கொடுக்கவேண்டும். அதை நான் கொடுப்பேன்.

பரிமாற வருகிற பெடியளில் பாதிப் பேர் ஏ.எல். எழுதிவிட்டு முடிவு பார்த்துக்கொண்டிருக்கிற பிள்ளைகள். வெள்ளைச் சேட்டைத் தோய்த்து அயர்ன் பண்ணிப் போட்டுக்கொண்டு வருவார்கள். வாளியைத் தூக்கிக்கொண்டு பந்தி பந்தியாய் ஓடுகிற வேலை அது. தெரிந்தவர், தெரியாதவர், கோபக்காரர், "தம்பி இங்கால கொஞ்சம் சொதி" என்று கையைத் தட்டிக் கூப்பிடுகிறவர், எல்லோருக்கும் முகம் கோணாமல் ஊற்றவேண்டும். இவர்களுக்கு நாங்கள் கொடுக்கிற ஆயிரம் ரூபா ஒரு ரியூசன் காசுக்கோ சைக்கிள் ரயருக்கோ உதவும்.

பாத்திரம் கழுவுகிறவர்களுக்குப் பெடியளைவிடக் கூடக் கொடுக்கவேண்டும் என்பது என் தீர்மானம். உன்னிடம் இதை நான் சொல்லத் தேவையில்லை. நீ போன புதிதில் ஸ்காபரோவில் ஒரு சாப்பாட்டுக் கடையில் கோப்பை கழுவினாய். இரவு ரிப்ஸைப் பங்கு போடும்போது முன்னுக்கு நின்ற பிள்ளைகளுக்குக் கூடவும் பின்னுக்கு நின்ற உனக்குக் குறையவும் வந்ததென்று அந்த நாளையில் போனில் சொல்லி மனம் நொந்தாய். அன்றைக்கு நான் இங்கே அழுதேன் என்று உனக்குச் சொல்லவில்லை. கிடாரத்தின் அடியில் பிடித்த சோற்றைச் சுரண்டுகிறவள் மண்டபத்தில் எல்லோரும் போய் லைற் நூர்ந்த பிறகும் பின்பக்கம் பைப்படியில் நிற்பாள். கடைசியாய்ப் போவது அவள்தான். அவள் கையில் சேரும்வரை நாங்கள் யாராவது அங்கே நிற்கவேண்டும்.

தலைமைச் சமையற்காரரைப் பற்றி உனக்கு ஒன்று சொல்லவேண்டும். போன ஆவணியில் சின்ன மாமியின் மகளின் கலியாணத்துக்கும் இவர்தான் சமைத்தார். என்னைச் சாப்பாட்டுப் பக்கம் பார்க்கும்படி மாமி சொன்னதால் அடுப்படிக்குப் போய்வந்துகொண்டு இருந்தேன். முந்நூறு பேர் என்று சொன்ன இடத்தில் சனம் கூடிவிட்டது. இரண்டாம் பந்தி எழும்பும்போதே வாசலில் அடுத்த பந்திக்கு ஆட்கள் நிற்கிறார்கள். வேறு ஒருவர் என்றால் குழம்புக்குள் சுடுதண்ணீரை ஊற்றி நீட்டியிருப்பார். இவர் அப்படிச் செய்யவில்லை. ஒரு பெடியனைச் சந்திக் கடைக்கு மோட்டார் சைக்கிளில் அனுப்பி அரிசியும் தக்காளியும் எடுப்பித்தார். சின்னக் கிடாரத்தில் உலை வைத்தார். அது கொதிக்க முன்னம், மிஞ்சியிருந்த அவித்த பருப்பை மசித்துத் தக்காளியும் மிளகும் உள்ளியும் போட்டு இன்னொரு ரசம் கூட்டினார். பரிமாறுகிற பெடியளைக் கூப்பிட்டு, "முதல்ல வடையும் பாயாசமும் வையுங்கோ, ஆறுதலாய் வையுங்கோ, சோறு வர இன்னும் பத்து நிமிசம்" என்று காதுக்குள் சொன்னார். மூன்றாம் பந்தியில் இருந்தவர்களுக்கு ஒரு குறையும் தெரியவில்லை. மாப்பிள்ளை வீட்டாரில் ஒருவர் ரசம் நல்லாயிருந்தது என்று மாமியிடம் சொல்லிவிட்டுப் போனார். மாமியின் மானத்தைக் காப்பாற்றினது அந்த மனிதர்தான்.

அன்றைக்கு என்ன நடந்தது தெரியுமா? மாமியின் ஆட்கள் நல்ல மனதோடு ஒரு என்வலப்பில் காசை வைத்து, மண்டப வாசலில் மேசை போட்டிருந்த முதலாளியின் ஆளிடம் கொடுத்தார்கள். அவர் வாங்கிப் பைக்குள் வைத்தார். நான் பின்னுக்குப் போனபோது பாத்திரம் கழுவிக்கொண்டிருந்த ஒரு அம்மா என்னைப் பார்த்து, "பிள்ளை, மிஞ்சின சோறு இருந்தால் ஒரு பார்சல் கட்டித் தருவியளே?" என்று கேட்டா. வீட்டில் பேரப்பிள்ளைகள் இருக்கினமாம். சோறு கட்டிக் கொடுத்தேன், என் கையில் இருந்ததையும் கொடுத்தேன். ஆனால் அந்த என்வலப்பில் அவவுக்கு ஒரு ரூபாவும் போயிருக்காது. உன்னுடைய கேள்வியைப் பார்த்தவுடன் எனக்கு அந்த அம்மாவின் முகம்தான் வந்தது.

முந்தி எப்படி இருந்தது என்றும் உனக்குத் தெரியவேண்டும். எங்கள் கலியாணம் பொருளாதாரத் தடைக் காலத்தில், 1991இல். கரண்ட் இல்லை, பெற்றோல் இல்லை, சீனியும் சவர்க்காரமும் தேடித் திரியவேண்டும். ஜாம் போத்தல் விளக்கில் படித்த பிள்ளைகளின் காலம் அது. வீட்டு வளவுக்குள்தான் பந்தல், பின்வளவில் கொட்டில் போட்டுத்தான் சமையல். அயல் முழுக்கக் கத்தியும் அரிவாளும் திருவலையும் கொண்டுவந்து இருந்து வெட்டினார்கள். அவர்களுக்கு யாரும் காசு கொடுப்பதில்லை, அவர்கள் வீட்டு நன்மை தின்மைக்கு நாங்கள் போய் இருந்து வெட்டவேண்டும், அவ்வளவுதான். சமைக்க வந்தவர் ஒரு வயதான மனிதர். அம்மப்பா அவருக்குத் தட்டத்தில் வெற்றிலை பாக்கு, ஒரு வேட்டி, பேசின காசு, அதோடு ஒரு போத்தல் மண்ணெண்ணெய் வைத்துக் கொடுத்தார். மண்ணெண்ணெய் அப்போது பவுன் மாதிரி. அந்த மனிதர் காசை எண்ணவில்லை, போத்தலை வாங்கி நெஞ்சோடு அணைத்துக்கொண்டு போனாராம். அவருக்கு எது தேவையென்று அம்மப்பா யோசித்துத்தான் கொடுத்திருக்கிறார்.

ஆனால் அந்தக் காலத்தில் எல்லாம் சரியாய் இருந்ததென்று நான் சொல்லமாட்டேன். கலியாண வீட்டு வேலைக்கென்று வந்த சிலரை வாசல் வழியாய் விடாமல் வேலிப் பொட்டுக்குள்ளால் வரச்சொன்ன வீடுகள் இங்கே இருந்தன. கூலியை அரிசியாகவும் நெல்லாகவும் பின்வளவில் நிற்க வைத்து, கையில் படாமல் கடகத்தில் கொட்டிக் கொடுத்தார்கள். அதைச் சின்ன வயதில் கண்ணால் பார்த்தவள் நான். அது பெரிய பாவம். அதனால்தான் கையிலே கொடுக்கவேண்டும் என்று இவ்வளவு அழுத்திச் சொல்லுகிறேன். முன் மண்டபத்தில் வைத்து, ஐயருக்கும் மேளக்காரருக்கும் எப்படிக் கொடுக்கிறோமோ அப்படியே, வெற்றிலை தட்டத்தோடு, இரண்டு கையாலும் கொடு. அவர்களை வரிசையில் நிற்க வைத்துப் போட்டோ எடுக்க வேண்டாம். அது ஒருவருக்கும் பிடிக்காது.

இனி, உனக்குக் கொஞ்சம் மனம் நோகக்கூடிய ஒன்று. முதலாளி முதலில் தலைக்கு 1,300 ரூபா கேட்டார். நீ போனில் கதைத்துக் கதைத்து 1,200க்குக் கொண்டுவந்தாய். நானூறு பேருக்கு 40,000 ரூபா குறைத்துவிட்டாய். அப்பா கூட உன்னை மெச்சினார். ஆனால் யோசித்துப் பார். அவர் அந்த நாற்பதாயிரத்தை எங்கே இருந்து பிடிப்பார்? அரிசிக் கடைக்காரன் குறைக்கமாட்டான். காஸ் சிலிண்டருக்கு ஒரு விலைதான். மருதனார்மடம் சந்தையில் முகூர்த்த நாளுக்கு முதல் நாள் மரக்கறி விலை ஏறுமே தவிர இறங்காது. அவர் குறைக்கக்கூடியது ஆட்களைத்தான். பன்னிரண்டு பெடியள் வரவேண்டிய பந்திக்கு எட்டுப் பேர் வருவார்கள், நாலு பெண்கள் வெட்டவேண்டியதை இரண்டு பேர் விடியவிடிய இருந்து வெட்டுவார்கள். ஒரு பக்கத்தால் அவர்களுடைய கூலியைக் குறைத்துவிட்டு மறுபக்கத்தால் 96,000 ரிப்ஸ் என்று கொடுத்தால் அது யாருக்கும் உதவாது தம்பி.

அதனால் நான் ஒரு கணக்குப் போட்டிருக்கிறேன். நீ ஓம் என்றால் அப்பா போய்க் கதைப்பார். அவர் கேட்ட 1,300ஐயே கொடுப்போம். பில் 520,000 ஆகும். அதற்குப் பதிலாக, மேலே நான் எழுதின இருபத்துநாலு பேரும் குறையாமல் வரவேண்டும் என்று பில்லிலேயே எழுதி வாங்குவோம். இரவு வேலைக்கு வருகிற பெண்களுக்கு இரவுச் சம்பளம் முழுதாய்க் கொடுக்கவேண்டும் என்றும் சொல்லுவோம். அதற்கு மேல் சந்தோசமாக, தலைமைச் சமையற்காரருக்கு 10,000. அடுப்பில் நிற்கிற மூன்று பேருக்கும் மூவாயிரம் படி 9,000. மரக்கறி வெட்டுகிற பெண்களுக்கு ஆயிரத்தைந்நூறு படி 6,000. பெடியளுக்கு ஆயிரம் படி 12,000. பாத்திரம் கழுவுகிறவர்களுக்கு இரண்டாயிரம் படி 6,000. வாகனக்காரருக்கு ஆயிரம். மொத்தம் 44,000. பில்லையும் இதையும் கூட்டினால் 564,000 வரும். நீ கொடுக்க நினைத்த 480,000உம் 96,000உம் சேர்ந்தால் 576,000. அதற்குள்ளேயே முடிந்து 12,000 மிச்சம் வருகிறது. அந்த மிச்சத்தில் தலைமைச் சமையற்காரருக்கு நல்ல வேட்டி சால்வையும், முதல் நாள் இரவு வேலை செய்கிற ஆட்களுக்குத் தேத்தண்ணியும் இடியப்பம் சொதியும்.

வீதத்தில் பார்த்தால் இது பத்துக்கும் குறைவுதானே, கஞ்சத்தனமாய் இருக்காதா என்று நீ கேட்பாய். இங்கே அரசாங்கம் வைத்திருக்கிற ஆகக் குறைந்த மாதச் சம்பளம் 2025 சித்திரையில்தான் 27,000 ஆனது, 2026 தையிலிருந்து 30,000. நாள் கூலிக்கு வேலை செய்கிற ஒரு பெண்ணுக்கு ஒரு நாளில் கூலிக்கு மேலாய் இரண்டாயிரம் வருவது சின்ன விசயமில்லை.

கூடக் கொடுக்கவேண்டாம் என்று நான் சொல்வதற்கு இன்னொரு காரணமும் இருக்கிறது. இப்போது இங்கே சமையலுக்கோ மண்டபத்துக்கோ வீடியோவுக்கோ கேட்டுப் போனால், முதல் கேள்வியே "வெளிநாட்டு ஆக்களோ?" என்பதுதான். ஓம் என்றால் ஒரு விலை. அந்த விலைதான் ஆறு மாதத்தில் எல்லோருக்கும் விலையாகிவிடுகிறது. எங்கள் ஒழுங்கையிலேயே ஒரு ஆசிரியரின் மகளுக்குத் தை மாதம் கலியாணம் வைத்திருக்கிறார்கள். அவர் சேமித்ததையும் கடன் வாங்கினதையும் கொண்டு செய்கிறார். அதே பெடியள்தான் அங்கேயும் பரிமாறப் போவார்கள். இங்கே ஆளுக்கு ஐயாயிரம் வாங்கினவன் அங்கே ஐந்நூறை வாங்கும்போது அந்த வாத்தியாரின் முகத்தைப் பார்த்தால் எனக்குத் தாங்காது. வேலை செய்கிறவர்களுக்குக் கூடக் கிடைக்கவேண்டும் என்ற உன் எண்ணம் நியாயம்தான். அது கூலியில் கூடட்டும். அதற்குத்தான் அந்த நூறு ரூபாவைத் திரும்பக் கொடுக்கச் சொல்லுகிறேன். கூலி கூடினால் நாளைக்கு வாத்தியார் வீட்டிலும் அவனுக்கு அதே கூலிதான். சந்தோசம் அவரவர் வசதிப்படி இருக்கட்டும்.

மிச்சக் காசை இழுத்தடிக்கக் கூடாது. முற்பணம் கொடுத்துவிட்டு, கலியாணம் முடிந்து மாப்பிள்ளை பொம்பிளை விருந்துக்குத் திரியும்வரை மிச்சக் காசுக்கு முதலாளியை நடக்க வைக்கிற வீடுகள் எத்தனையோ. அவருக்குக் காசு வராவிட்டால் அவர் ஆட்களுக்கும் கூலி வராது. என்வலப் கொடுக்க முன்னம், அன்றைக்கே, பில் காசு முழுவதையும் அப்பா முடித்துவிடவேண்டும். அதற்குரிய காசைக் கலியாணத்துக்கு இரண்டு கிழமை முன்னம் அனுப்பிவிடு, பாங்கில் லீவு நாள் எதுவும் குறுக்கே வரக்கூடும்.

அவர்களுடைய சாப்பாட்டையும் மறக்கக் கூடாது. கடைசிப் பந்தி முடிந்தவுடன் வேலை செய்த ஆட்களுக்கு ஒரு பந்தி, வாழையிலையில், வடை பாயாசத்தோடு. நானும் சித்தியும் நின்று பரிமாறுவோம். இலை போடுகிற எண்ணிக்கையில் இந்த ஆட்களையும் சேர்த்துத்தான் சொல்லியிருக்கிறேன். மிஞ்சுகிற சாப்பாட்டை அவர்களில் விரும்பினவர்கள் கொண்டுபோகட்டும், மற்றதை ஒரு முதியோர் வீட்டுக்குக் கொடுக்கலாம் என்று அப்பா சொல்லுகிறார். ஆனால் சோற்றுப் பார்சலைக் கொடுத்துவிட்டுச் சந்தோசம் கொடுத்ததாக நினைக்க வேண்டாம், அது வேறு, இது வேறு.

உப்புக் கூடிப்போனால், சோறு குழைந்துபோனால் என்ன செய்வது என்று உன் அப்பா கேட்டார். தலைமைச் சமையற்காரரோடு அதைப்பற்றிக் கதைக்கலாம், அவருக்குரியதில் கொஞ்சம் யோசிக்கலாம். பாத்திரம் கழுவினவளும் வாளி தூக்கின பிள்ளையும் அதற்கு என்ன செய்வார்கள்? அவர்களுக்குச் சொன்னபடி கொடுக்கத்தான் வேண்டும்.

என்வலப்புகளில் நானே பெயர் எழுதி வைப்பேன். முதலாளியிடம் பெயர்களைக் கேட்டிருக்கிறேன், நாளைக்கு அனுப்புவதாய்ச் சொன்னார். "பாத்திரம் கழுவுகிறவர் 2" என்று எழுதி ஒரு மனிசருக்கு நான் கொடுக்கமாட்டேன். ஆயிரம், ஐந்நூறு ரூபாத் தாள்கள் பாங்கில் முதலே சொல்லி எடுக்கவேண்டும், ஐயாயிரம் தாளாய் வைத்திருந்தால் அந்த நேரம் மாற்ற ஓடித் திரியவேண்டி வரும். முதல் நாள் இரவு பெண்களுக்கு நானும், மண்டபத்தில் பெடியளுக்கும் அடுப்பில் நின்றவர்களுக்கும் நீயும் தங்கச்சியின் மாப்பிள்ளையும், கடைசியில் பைப்படியில் நிற்கிறவர்களுக்குச் சித்தப்பாவும் கொடுக்கட்டும். சித்தப்பாவிடம் சொல்லிவிட்டேன், மண்டபம் பூட்டும்வரை நிற்பதாய் ஏற்றுக்கொண்டார். தலைமைச் சமையற்காரருக்கு வேட்டி சால்வையை நீயே போர்த்திக் கொடு. மாமி வீட்டு ரசத்தைப் பற்றி அம்மா சொன்னா என்று ஒரு வார்த்தை சொன்னால் அவருக்குப் பெரிய சந்தோசமாய் இருக்கும்.

நீ கட்டுநாயக்காவில் இறங்குகிறாயா, சென்னையால் வந்து பலாலியில் இறங்குகிறாயா என்று கெதியாய் அறியத் தா. எப்படியாவது கலியாணத்துக்கு முதல் நாள் மத்தியானத்துக்குள் வீட்டில் நிற்கப் பார். மரக்கறி வெட்டுகிற இடத்தில் நீயும் வந்து கொஞ்ச நேரம் இரு. நூறு ரூபா விசயத்துக்கு ஓமா இல்லையா என்று ஞாயிற்றுக்கிழமைக்குள் அப்பாவுக்குச் சொல்லிவிடு, திங்கட்கிழமை முதலாளி முடிவான பில் எழுத வருகிறார்.

மருமகளுக்கும் பேரனுக்கும் என் அன்பைச் சொல்லு. குளிருக்குக் கழுத்துத் துணி கட்டாமல் வெளியில் போகாதே.

இப்படிக்கு,
அன்புள்ள அம்மா